ஓசி கரண்டும் ஜன்னலோர பெஞ்சும்

மின்சாரக் கார் வைத்திருப்பவர்களைப் பார்த்து, பூமியைக் காப்பாற்றக் கிளம்பியவர்கள் என்று சிலர் நினைத்துக்கொள்கிறார்கள். அவர்கள் என் கணவரைப் பார்த்ததில்லை. அவர் காப்பாற்றக் கிளம்பியது தன் பர்ஸை. அம்பத்தூர் எஸ்டேட்டில் அவர் வேலை செய்யும் கம்பெனியில் யாரோ, "கிலோமீட்டருக்கு ஒரு ரூபாகூட ஆவாது" என்று சொல்லிவிட்டார்கள். அந்த ஒரு ரூபாயும்தான் எதற்கு என்பது அன்றிலிருந்து அவருடைய யோசனை.

கார் பழையது. வேறொருவர் மூன்று வருடம் ஓட்டிவிட்டு விற்றது. கூடவே ஒரு சார்ஜரும் வந்தது. ஏசிக்கு இருக்கிற பெரிய பிளக் பாயிண்ட் எங்கே இருந்தாலும் அதில் சொருகிவிடலாம். எட்டு ஒன்பது மணி நேரத்தில் வண்டி நிறைந்துவிடும். எங்களுக்கு இருப்பதோ கள்ளிக்குப்பத்தில் இரண்டாவது மாடி வீடு. கீழே வண்டி நிறுத்துகிற இடத்தில் பிளக் கிடையாது. எங்கள் மீட்டரிலிருந்து ஒரு லைன் இழுத்துத் தருகிறேன் என்று எலக்ட்ரீஷியன் ஒரு தொகை சொன்னார். கிட்னியைக் கேட்டுவிட்ட மாதிரி இவர் முகம் போனது. லட்சக்கணக்கில் வண்டிக்குக் கொடுத்த மனிதருக்கு வயருக்குக் கொடுக்க மனசு வரவில்லை. பால்கனியிலிருந்து ஒரு எக்ஸ்டென்ஷன் வயரைத் தொங்கவிட்டார். முதல் மாடி அம்மா அதில் துண்டு காயப்போட்டார். அசோசியேஷன் செயலாளர் வந்து, பிள்ளைகள் ஓடியாடுகிற இடம், முதலில் இதை எடுங்கள் என்றார். அதோடு வீட்டுக் கரண்ட் முடிந்தது. ஓசி கரண்ட் தேடும் படலம் ஆரம்பித்தது.

பூந்தமல்லி பஸ் நிலையத்துக்குப் பக்கத்தில் ஒரு பெரிய கடையில் சாமான் வாங்குகிறவர்களுக்கு இலவசமாக சார்ஜ் போட விடுகிறார்கள் என்று கண்டுபிடித்தார். சாமான் என்று அவர் வாங்கியது ஒவ்வொரு தடவையும் ஒரு பாக்கெட் பொட்டுக்கடலை. என் சமையலறை அலமாரியில் ஒரு கல்யாணத்துக்குச் சட்னி அரைக்கிற அளவு பொட்டுக்கடலை சேர்ந்தது. மெட்ரோ வேலைக்காகக் குறுக்கிவிட்ட ரோட்டில் ஏசி போட்டுக்கொண்டு ஊர்ந்து போய், இரண்டு மணி நேரம் காத்திருந்து, அதே ரோட்டில் ஊர்ந்து திரும்புவார். போட்ட கரண்டில் பாதி வருகிற வழியிலேயே போய்விடுகிறது என்று சொன்னேன். "நீ இன்னா, கணக்கு டீச்சரா?" என்றார். அந்தக் கடைக்காரர்கள் கணக்கு தெரிந்தவர்கள். குறைந்தபட்சம் இவ்வளவுக்கு வாங்கினால்தான் சார்ஜ் என்று ஒரு போர்டு எழுதி மாட்டிவிட்டார்கள்.

அப்புறம் என்மேல் பாசம் வந்தது. நான் வேலப்பன்சாவடியில் ஒரு கல்லூரி ஆபீஸில் வேலை செய்கிறேன். கல்யாணமாகிப் பத்தொன்பது வருடத்தில் என்னை ஒருநாள்கூட வேலைக்குக் கொண்டுபோய் விட்டவரில்லை. மழையில் பஸ்ஸுக்கு நின்றிருக்கிறேன், காய்ச்சலோடு போயிருக்கிறேன். திடீரென்று, "வா, நானே வுட்டுர்றேன்" என்றார். சந்தோஷப்பட்டேன், அதை ஏன் மறைக்க வேண்டும்? நாலாவது நாள்தான் தெரிந்தது, எங்கள் கல்லூரியில் வெளியிலிருந்து வரும் பேராசிரியர்களுக்காக ஒரு சார்ஜிங் கம்பம் வைத்திருக்கிறார்கள் என்று. முதல்வர் என்னைக் கூப்பிட்டு, நாசூக்காகத்தான், கேட்டார். மறுநாள் நான் பழையபடி பஸ்ஸில் போனேன்.

ஆவடியில் என் அண்ணன் மொட்டை மாடியில் சோலார் போட்டிருந்தார். பத்தொன்பது வருடமாக அந்த வீட்டுக்குக் கிறிஸ்துமஸுக்கும் ஈஸ்டருக்கும்கூடப் போக நேரமில்லாதவருக்கு, வாராவாரம் மச்சான் ஞாபகம் வந்தது. காலையில் போய்ச் சொருகினால், மீன் குழம்பு சாப்பிட்டு, ஒரு தூக்கம் போட்டு, சாயங்காலம்தான் எடுப்பார். இரண்டு மாதம் பொறுத்த என் அண்ணி ஒருநாள் போனில் சொன்னாள்: "உங்க வீட்டுக்காரர் வராருன்னா சொல்லிடு, அன்னிக்கு வாஷிங் மெஷின் போட மாட்டேன்." எனக்கு எங்கே முகத்தை வைத்துக்கொள்வது என்று தெரியவில்லை. இனி ஆவடிப் பக்கம் போனால் நான் உங்களோடு பேச மாட்டேன் என்று சொல்லிவிட்டேன்.

இதுவரை சொன்னதெல்லாம் சிரித்துவிட்டுப் போகக்கூடிய விஷயம். இனி சொல்லப்போவது அப்படியில்லை.

இரண்டு பேரும் கிறிஸ்தவக் குடும்பத்தில் பிறந்தவர்கள். ஆனால் எங்கள் கல்யாணம் நடந்த நாளுக்குப் பிறகு அவர் சர்ச்சுக்குள் நுழைந்ததில்லை. பெரிய கொள்கையெல்லாம் இல்லை. ஞாயிறு என்றால் மட்டன், பேப்பர், தூக்கம். நான் தனியாகத்தான் போவேன். மற்ற பெண்கள் கணவரோடு வண்டியில் வந்து இறங்கும்போது, நான் ஷேர் ஆட்டோவிலிருந்து இறங்கிச் சில்லறை கொடுத்துக்கொண்டிருப்பேன். அவர் ஒருநாள் என்னோடு வர வேண்டும் என்பதுதான் என் ஜெபம். வீடு கேட்டதில்லை, நகை கேட்டதில்லை. இதைத்தான் கேட்டேன்.

ஒரு ஞாயிற்றுக்கிழமை மழை. வேறு வழியில்லாமல் என்னை சர்ச்சில் இறக்கிவிட வந்தார். இறக்கிவிட்டு வண்டியைத் திருப்பும்போது ஜெனரேட்டர் ஷெட் கதவு திறந்திருந்தது. உள்ளே சுவரில் பெரிய பிளக் பாயிண்ட். ஷெட்டுக்குப் பக்கத்து அறையில்தான் எங்கள் சர்ச் வாட்ச்மேன் குடியிருந்தார். ஐம்பது வயதுக்கு மேல் இருக்கும், தனி ஆள். யார் எது கேட்டாலும் இல்லை என்று சொல்லத் தெரியாதவர்.

"அண்ணாத்தே, கொஞ்ச நேரம் இதுல சொருகிக்கட்டா?"

"இன்னா சார் இதுக்குப் போய் கேட்டுகினு. சொருகு சார்."

அன்று ஆராதனை முடியும்வரை அவருக்கு நிற்க இடம் வேண்டியிருந்தது. வெளியே மழை. உள்ளே வந்து உட்கார்ந்தார். எங்கள் சர்ச்சில் ஆண்கள் இடப்பக்கம், பெண்கள் வலப்பக்கம். இடப்பக்கக் கடைசி ஜன்னலோர பெஞ்சிலிருந்து பார்த்தால் ஷெட் நன்றாகத் தெரியும். அவர் அங்கே உட்கார்ந்தார்.

அடுத்த வாரமும் வந்தார். அதற்கடுத்த வாரமும். காலை ஆறு மணிக்கே போய் வண்டியைச் சொருகிவிட்டு, திரும்பி வந்து குளித்து, என்னைக் கூட்டிக்கொண்டு ஆட்டோவில் வருவார். இரண்டாவது ஷிஃப்ட் வாரங்களில் வெள்ளிக்கிழமை உபவாச ஜெபத்துக்கும் வந்தார், வீட்டில் ஆறு இட்லி சாப்பிட்டுவிட்டு. புதன்கிழமை வேதபாடத்தையும் விடவில்லை. பிரசங்கம் நீண்டால் மற்ற ஆண்கள் கடிகாரத்தைப் பார்ப்பார்கள். இவர் ஒருவர்தான் முகமலர்ச்சியோடு இருப்பார். ஜன்னல் பக்கமாகவே பார்த்துக்கொண்டிருந்ததை தியானம் என்று எடுத்துக்கொண்டார்கள். நீ கொடுத்து வைத்தவள் என்று பெண்கள் என்னிடம் சொன்னார்கள். நான் ஆமாம் என்றேன்.

எங்கள் சர்ச்சில் மாதத்தின் முதல் ஞாயிறு சாட்சி சொல்லும் நேரம் உண்டு. தங்களுக்கு நடந்த நன்மையை யார் வேண்டுமானாலும் எழுந்து நின்று சொல்லலாம். வேலை கிடைத்தது, சிறுநீரகக் கல் கரைந்தது, விசா வந்தது என்று சொல்வார்கள். ஒரு முதல் ஞாயிறு போதகர் என் கணவரைப் பார்த்து, "சகோதரர் இத்தனை வருஷம் கழித்து வந்திருக்கிறார், ரெண்டு வார்த்தை சொல்லட்டும்" என்றார். எழுந்தார். தடுமாறினார். பிறகு என் பக்கம் கையைக் காட்டி, "எல்லாம் அவங்க ஜெபம்" என்று சொல்லி உட்கார்ந்துவிட்டார். பக்கத்திலிருந்த அம்மா என் கையை அழுத்திப் பிடித்தார். எனக்கு எல்லாம் தெரியும். ஆனாலும் அழுதுவிட்டேன், நிஜமாகவே. அவ்வளவு அசடு நான்.

அதோடு விட்டிருந்தால் பரவாயில்லை. பக்தியும் இயந்திர ஞானமும் உள்ளவர் என்று அவரைக் கட்டடக் கமிட்டியில் வேறு சேர்த்தார்கள். சர்ச்சின் மின்விசிறி, மோட்டார், கரண்ட் பில் எல்லாம் பார்க்கிற கமிட்டி.

பில் ஏறிக்கொண்டே போனது. ஒரு ஞாயிறு ஆராதனை முடிந்து எல்லோரும் காம்பவுண்டில் டீ குடித்துக்கொண்டிருந்தபோது, பொருளாளர் கையில் பில்லோடு நேராக வாட்ச்மேன் அறைக்குள் போனார். ஒரு கரண்ட் அடுப்பைத் தூக்கிக்கொண்டு வெளியே வந்தார்.

"இத எத்தினி நாளா ஓட்டிகினு கீற?"

வாட்ச்மேன் சட்டைப் பொத்தானைப் போட்டுக்கொண்டே வந்தார். "கஞ்சி வெக்கிறதுக்குதான் சார். ஒரு வேளதான்."

"ஒரு வேள கஞ்சிக்கா இம்மாங் கரண்டு?"

வாட்ச்மேன் என் கணவரை ஒரு தடவை பார்த்தார். அங்கிருந்து பத்தடி தூரத்தில் ஷெட்டுக்குள் எங்கள் வயர் ஓடிக்கொண்டிருந்தது. குரோட்டன்ஸ் செடி மறைத்ததால் யார் கண்ணிலும் படவில்லை. என் கணவர் டீ கிளாஸுக்குள் எதையோ தேடிக்கொண்டிருந்தார். வாட்ச்மேன் வேறெதுவும் சொல்லவில்லை. தான்தான் ஷெட்டைத் திறந்துவிட்டோம் என்ற பயமாகவும் இருக்கலாம். அடுத்த மாதக் கடைசிக்குள் அறையைக் காலி செய்ய வேண்டும் என்று அங்கேயே முடிவானது.

"எனக்கு வேற ஊடு இன்னா சார் கீது?" என்றார். டீ கொடுத்துக்கொண்டிருந்தவர்கள் கிளாஸ்களைச் சேகரிக்க ஆரம்பித்தார்கள்.

வீட்டுக்கு வந்து கேட்டேன். "அவனே ஒண்ணும் சொல்லல. நான் இன்னாத்துக்கு சொல்லணும்? கமிட்டில பேசி சரி பண்ணிட்றேன்" என்றார். இரண்டு வாரம் போனது. அவர் பேசவில்லை. நானும் பேசவில்லை. அவரைத் திட்ட எனக்கு என்ன யோக்கியதை? உண்மையைச் சொன்னால் அந்தப் பெஞ்ச் காலியாகிவிடும் என்று எனக்குத் தெரியும். ஒரு மனிதரின் தலைக்கு மேலிருந்த கூரையை அந்தப் பெஞ்சுக்காக நான் பேசாமல் பார்த்துக்கொண்டிருந்தேன்.

கடைசியில் ஒரு சாயங்காலம் போதகர் அறைக்குப் போனேன். சொல்லி முடிக்கும்வரை தலையை ஆட்டிக்கொண்டே கேட்டார். பிறகு, "தெரியும்மா" என்றார்.

"எப்பலேருந்து ஐயா?"

"ரெண்டாவது வாரமே பார்த்தேன். பிளக்குக்காக வந்தாலும் வரட்டும், வசனம் காதுல விழுமேன்னு விட்டேன். இப்ப வெளியே சொன்னா சகோதரர் அப்புறம் இந்தப் பக்கம் திரும்புவாரா? ஒரு ஆத்துமாவை இழந்துடுவோம்."

"வாட்ச்மேனுக்கு ஆத்துமா இல்லையா ஐயா?"

போதகர் மேஜைமேல் நேராக இருந்த வேதாகமத்தை இன்னும் நேராக வைத்தார். எனக்கு அவர்மேல் வந்த அருவருப்பு கொஞ்சநஞ்சமில்லை. படியிறங்கும்போதுதான் உறைத்தது, இரண்டு வாரமாக நான் செய்ததும் இதே காரியம்தான் என்று.

அடுத்து வந்தது முதல் ஞாயிறு. சாட்சி சொல்லும் நேரத்தில் எழுந்தேன். பேச்சை வளர்க்கவில்லை. "பதினொரு மாசமா சர்ச் கரண்ட்ல எங்க காருக்கு சார்ஜ் போட்டோம். பில் ஏறினது எங்களாலதான். வாட்ச்மேனை அனுப்பாதீங்க. பணத்தை நாங்க கட்டிடுறோம்" என்றேன். பின்னாலிருந்து யாரோ ஒரு அம்மா மட்டும், பழக்க தோஷத்தில், "ஸ்தோத்திரம்" என்றார்.

என் கணவர் எழுந்து வெளியே போனார். பிளக்கைப் பிடுங்கி, அந்த நிலைமையிலும் வயரை மடங்காமல் வட்டமாகச் சுற்றி டிக்கியில் வைத்து, வண்டியை எடுத்துக்கொண்டு போவது ஜன்னல் வழியாகத் தெரிந்தது. நான் ஆராதனை முடியும்வரை இருந்து, ஷேர் ஆட்டோவில் வீட்டுக்கு வந்தேன்.

இரண்டு நாள் கழித்துக் கேட்டார். "தனியா சொல்லிருக்கலாம் இல்ல? எல்லார் எதிர்லயும் இன்னாத்துக்கு?"

"அவரையும் எல்லார் எதிர்லயும்தானே கேட்டாங்க" என்றேன்.

வாட்ச்மேன் அந்த அறையிலேயே இருக்கிறார். எலக்ட்ரீஷியன் வந்து எங்கள் மீட்டரிலிருந்து லைன் இழுத்துக் கொடுத்துவிட்டார், அரை நாள் வேலை. வண்டி இப்போது வீட்டிலேயே நிறைகிறது. ஞாயிற்றுக்கிழமை அவர் பேப்பர் படிக்கிறார், நான் கிளம்புகிறேன். நல்ல காரியம் செய்தாய் என்று சர்ச்சில் சிலர் சொன்னார்கள். அந்தப் பேச்சை நான் சீக்கிரம் முடித்துவிடுவேன். அவர் கர்த்தருக்காக வரவில்லை, எனக்காகவும் வரவில்லை. கரண்டுக்காக வந்தார். அது தெரிந்தே பதினொரு மாதம் நான் சந்தோஷமாக இருந்தேன். அன்றைக்கு அவர் செய்ததைச் சாட்சியில் சொன்னேன். இதைச் சொல்லவில்லை.