நகம் வெட்டும் வியாழக்கிழமை

மண்வெட்டிக்குப் பிடி போடுவதென்றால் முத்தையன்கட்டுக் குளத்தின் கீழ் எங்கள் வாய்க்கால் கரையில் எல்லோரும் என் கணவரிடம்தான் வருவார்கள். அவர் தச்சர் இல்லை. யாழ்ப்பாணக் குடாநாட்டிலிருந்து மிளகாயும் வெங்காயமும் செய்யவென்று வந்து, மூன்று ஏக்கரில் குடியேறிய ஒரு தோட்டக்காரர். ஆனால் பாலைமரக் கொம்பைக் கத்தியால் செதுக்கி, உடைந்த போத்தல் துண்டால் சுரண்டி, எண்ணெய் தடவி வெயில் படாமல் வைத்து அவர் எடுத்துக் கொடுக்கும் பிடி எவர் கையிலும் கொப்புளம் போடாது. அதே கையால் அவர் எங்கள் இருவருக்காக மட்டும் செய்த ஒரு பொருளும் இருந்தது. அதைப் பற்றி இத்தனை வருஷமாக யாரிடமும் நான் வாய் திறக்கவில்லை. வாய் திறக்காததால் பட்டது போதும் என்றுதான் இப்போது எழுதுகிறேன். முகம் சுளிக்கிறவர்கள் இந்த இடத்திலேயே புத்தகத்தை மூடிவிடலாம், எனக்குக் கவலை இல்லை.

கலியாணமாகி ஏழு வருஷம் எங்களுக்குப் பிள்ளை இல்லை. நேர்த்தி வைத்தோம், சூரணம் தின்றோம், நாள் எண்ணிப் படுத்தோம். கடைசியில் கட்டிலும் ஒரு தோட்டம் போல ஆகிவிட்டது. வேலை செய்வதும் விளைச்சலைப் பார்ப்பதும் பிறகு ஆளுக்கொரு பக்கம் திரும்பிப் படுப்பதும். எழுபத்தேழாம் ஆண்டுக்குப் பிறகு வெளிநாட்டிலிருந்து மிளகாய் வந்து இறங்கியது, எங்கள் மிளகாயைக் கேட்க ஆளில்லை. சாக்கில் கிடந்து நிறம் மாறிய மிளகாயைப் பார்த்துப் பார்த்து அலுத்து நெல்லுக்கு மாறினோம். அந்த வருஷமே பிள்ளை ஆசையையும் விட்டோம். சொன்னால் நம்ப மாட்டீர்கள், விட்ட பிறகுதான் எங்களுக்கு ஒருவரை ஒருவர் பிடிக்கத் தொடங்கியது.

அவர் வெளியில் பெரிய சத்தக்காரர். தண்ணீர் முறையில் யாராவது களவாக மடையைத் திறந்தால் அவருடைய சத்தம் நாலு காணி தள்ளிக் கேட்கும். அந்த மனிதர் மூன்று மத்தியானம் தொடர்ந்து சாப்பிட்டுவிட்டு வந்து கட்டிலில் இருந்து எதையோ சொல்ல வந்து விழுங்கினார். நான்காம் நாள் முகட்டைப் பார்த்தபடி கேட்டார்.

"இஞ்சாரும், ஒண்டு கேட்டா கோவிக்க மாட்டீரே?"

"கேளுங்கோவன். கேட்டாத்தானே கோவிக்கிறதோ விடுறதோ எண்டு தெரியும்."

ஆண் பெண்ணுக்குச் செய்வதென்று உலகம் வைத்திருப்பதை, பின்வழியாக, நான் அவருக்குச் செய்ய வேண்டும் என்று கேட்டார். நான் சிரித்துவிட்டேன். கேலிச் சிரிப்பு இல்லை, வெட்கத்தில் வந்த சிரிப்புத்தான். ஆனால் அவர் முகம் செத்துப்போனது. சாரத்தை இறுக்கிக் கட்டிக்கொண்டு அந்த வெயிலில் வயலுக்குப் போனவர் இரண்டு நாள் என் முகம் பார்க்கவில்லை. மூன்றாம் நாள் சோற்றுக்கோப்பையை அவர் முன்னால் வைத்துவிட்டு, "எப்பிடிச் செய்யிறது எண்டு சொன்னாத்தானே நான் செய்யலாம்" என்றேன். அவருக்குப் புரையேறியது.

முதலில் விரல்தான். பிறகு அவரே பாலைமரத்தில் ஒன்றைச் செதுக்கினார். மண்வெட்டிப் பிடிக்குக் காட்டும் பொறுமையை விட நாலு மடங்கு பொறுமையோடு, யாராவது படலையடிக்கு வந்தால் சாக்குக்குக் கீழே ஒளித்து ஒளித்து, ஒரு கிழமையாகச் சுரண்டினார். அதைப் பழைய வேட்டித் துண்டில் சுற்றி அலுமாரியில் என் கூறைச் சேலைக்குக் கீழே வைத்திருந்தோம். எங்களுக்கென்று வாய்த்தது வெள்ளிக்கிழமை மத்தியானம். அன்றைக்கு நகம் வெட்டக் கூடாது என்பது வீட்டு வழக்கம், அதனால் நான் வியாழக்கிழமை வெட்டுவேன். அவசரப்பட்டாலும் நகம் பட்டாலும் நோகும் என்பதை இரண்டொரு தடவையில் தெரிந்துகொண்டோம். நான் வாசலில் குந்தியிருந்து பிளேட்டால் நகம் எடுப்பதைக் கண்டால் அவர் கதிரையில் இருந்தபடி பேப்பரை முகத்துக்கு நேரே தூக்கிப் பிடிப்பார். பேப்பர் நடுங்கும். உள்ளே சிரிக்கிறார் என்று எனக்குத் தெரியும்.

மத்தியானம் வாய்க்கால் கரை முழுவதும் உறங்கும் நேரம் அது எங்களுடையதாக இருந்தது. எனக்கும் அது பிடித்திருந்தது, அதை மறைக்கப் போவதில்லை. அந்தச் சத்தக்காரர் என் கைக்குள் சத்தமில்லாமல் கிடப்பதும், முடிந்த பிறகு என் தோளில் முகத்தை வைத்து ஊர்க்கதை சொல்வதும் எனக்கு மட்டும் கிடைத்தது. அவர் ஆண்பிள்ளைதானா என்று இதை வாசித்துவிட்டு யாராவது கேட்டால், அந்த ஆளைக் கொண்டுவந்து எங்கள் வயலில் ஒரு போகம் இறக்கிப் பார்க்கச் சொல்வேன்.

ஐந்து வருஷம் அப்படிப் போனது. ஆறாம் வருஷ மாரியில் ஒரு நாள், கிணற்றடியில் அவருடைய சாரத்தைத் தோய்க்கும்போது பின்பக்கத்தில் ஒரு கறை கண்டேன். இரத்தம். உள்ளங்கை அளவு இல்லை, ஆனால் இரத்தம். சாரத்தைப் பிழிந்த கையோடு உள்ளே போனேன்.

"எத்தினை நாளா இது?"

"ரெண்டு மூண்டு கிழமையா. நீர் பயந்திடுவீர் எண்டு சொல்லேல்லை."

"என்ரை கையாலதான் வந்தது."

"விசர்க்கதை கதையாதையும். கேட்டது நான்தானே."

ஒருவர் பழியை ஒருவர் பறித்துக்கொண்டோமே தவிர, அந்தப் பழியே சரிதானா என்று இரண்டு பேருக்கும் கேட்கத் தோன்றவில்லை. உள்ளே எங்கேயோ கிழிந்துவிட்டது, நாங்கள் செய்ததற்கு இது கூலி என்று முடிவு கட்டிவிட்டோம். அன்றைக்கே நான் அலுமாரியைத் திறந்து, வேட்டித் துண்டோடு அதை எடுத்துக் குசினிக்குள் கொண்டுபோய் அடுப்பில் வைத்தேன். பாலைமரம் லேசில் எரியாது. சோறு வடித்து இறக்கிய பிறகும் கங்காகக் கிடந்தது. அவர் குசினி வாசலில் நின்று பார்த்துக்கொண்டிருந்தார். அன்றிலிருந்து நான் விறாந்தையில் பாய் போட்டேன். அவரைத் தொட்டால் இன்னும் கிழியும் என்ற பயம். பிறகு அந்தப் பயமே பழக்கமாகிவிட்டது.

முதலில் நாட்டு வைத்தியம் பார்க்கும் பரியாரியாரிடம்தான் போனோம். அவர் கேட்டதெல்லாம் நோகுதா, எரியுதா என்பதுதான். மூலம் என்று சொல்லி, கருணைக்கிழங்கும் மோரும் சாப்பிடச் சொல்லி, உடம்புச் சூடு தணிய எண்ணெய் தந்தார். எங்களுக்கு அந்தச் சொல் பெரிய ஆறுதல். மூலம் என்றால் ஊரில் யாரிடமும் சொல்லலாம். அவரும் சொன்னார். மண்வெட்டிப் பிடிக்கு வந்தவர்கள் எல்லோரும் ஆளுக்கொரு கைமருந்து சொல்லிவிட்டுப் போனார்கள்.

இரத்தம் நிற்கவில்லை. ஆறேழு மாதம் கழித்து நான் சண்டை பிடித்து நெடுங்கேணி பஸ்ஸில் ஏற்றி, டொக்டர் ஒருவரிடம் கூட்டிக்கொண்டு போனேன். இளம் பொடியன், முகத்தில் நித்திரைக் களை. கதையைக் கேட்டுவிட்டு, "சாரத்தைத் தளர்த்திப்போட்டு அந்தக் கட்டில்ல சரிஞ்சு படுங்கோ ஐயா, கையால பாக்கவேணும்" என்றார்.

என் கணவர் கதிரையை விட்டு எழும்பவில்லை. "வேண்டாம் டொக்டர். மருந்தைத் தாங்கோ."

பார்த்தால் கண்டுபிடித்துவிடுவார் என்பதுதான் அவர் பயம். அந்த இடமே எங்களைக் காட்டிக் கொடுத்துவிடும், டொக்டர் அங்கே நிற்கும் தாதி மிஸியிடம் சொல்வார், மிஸி பஸ்ஸில் யாரிடமாவது சொல்வா, வாய்க்கால் கரைக்கு நாங்கள் போய்ச் சேரும் முன்னே கதை போய்ச் சேர்ந்துவிடும். வரும் வழியெல்லாம் எனக்கும் அதே பயம்தான். டொக்டர் இரண்டாம் தரமும் சொன்னார், மூன்றாம் தரம் கொஞ்சம் கடுமையாகவே சொன்னார். அப்போது வாயைத் திறந்தது நான்.

"மூலம்தான் டொக்டர். இவையின்ரை பரம்பரைக்கே இருக்கு. தேப்பனுக்கும் இருந்தது."

அவருடைய தகப்பனுக்கு அப்படி ஒன்றும் இருக்கவில்லை. வாழ்க்கையில் நான் எத்தனையோ பொய் சொல்லியிருக்கிறேன், அவற்றில் அநேகம் மறந்துபோயிற்று. இந்தப் பொய் என் குரலிலேயே இன்னும் என் காதில் கேட்கிறது. டொக்டர் என்னைப் பார்த்தார், பேனையை எடுத்தார், குளிசை எழுதினார். திரும்பி வரும்போது தப்பிவிட்டோம் என்று நினைத்தோம். சந்தையில் இறங்கி இரண்டு பேரும் சோடா குடித்தோம்.

அடுத்த வருஷம் அவர் மெலிந்தார். களத்தில் நெற்சூடு மிதிக்க ஆளில்லாமல் நான் கூலிக்கு ஆள் பிடித்தேன். அவருக்குக் கதிரையில் இருக்க ஏலாமல் போனது, மண்வெட்டிப் பிடியை நின்றபடி சுரண்டினார், பிறகு அதையும் விட்டார். ஒரு நாள் காலையில் வெளிக்குப் போன இடத்தில் மயங்கி விழுந்துவிட்டார். அதற்குப் பிறகுதான் யாழ்ப்பாணம் போனோம். போக்குவரத்து அந்தக் காலத்தில் சீராக இல்லை. பரந்தனில் பஸ் மாறினோம். இருக்க ஏலாத மனிதர் கம்பியைப் பிடித்தபடி நின்றே வந்தார். ஆனையிறவில் ஆமிச் சோதனைக்கு எல்லோரையும் இறக்கி வரிசையில் நடக்க விட்டார்கள். கையை ஏன் வயிற்றில் வைத்திருக்கிறாய் என்று ஆமிக்காரன் கேட்டான். நான் அவருடைய கையைப் பிடித்தேன். இரண்டு வருஷத்துக்குப் பிறகு அவரைத் தொட்டது அங்கேதான், ஆமிக்காரன் முன்னால்.

ஆஸ்பத்திரியில் பெரிய டொக்டர் பார்க்க ஒரு நிமிஷம்கூட எடுக்கவில்லை. குடலின் கடைசிப் பகுதியில் கட்டி, ஈரல் வரைக்கும் போய்விட்டது, வெட்டிப் பிரயோசனமில்லை என்று என்னை வெளியில் கூப்பிட்டுச் சொன்னார். நான் அழவில்லை. எனக்குத் தெரிய வேண்டியது வேறொன்று. வார்ட்டில் வயதான ஒரு மிஸி இருந்தா. எல்லோரையும் ஏசுவா, ஆனால் எல்லோருக்கும் தலையணை சரி செய்வா. பின்னேரம் அவா துணி மடித்துக்கொண்டிருந்த அறைக்குள் போய்க் கதவைச் சாத்திவிட்டு, முதலிலிருந்து முழுவதையும் சொன்னேன். விரலையும் சொன்னேன், பாலைமரத்தையும் சொன்னேன். கடைசியில் கேட்டேன்.

"நான்தானே மிஸி அவரைக் கொண்டனான்?"

அவா துணி மடிப்பதை நிறுத்தவில்லை.

"இல்லைப் பிள்ளை. அதால இது வாறேல்லை. எண்ணெய் போடாமல் அவசரப்பட்டா கிழியும், கிழிஞ்சா ஒரு கிழமையில ஆறும். மரம் நல்லதில்லைத்தான், சிராம்பு ஏறும். ஆனா கட்டி அது தன்ரை பாட்டுக்கு வந்தது."

நான் துணிக்கூடையில் இருந்துவிட்டேன்.

"உலகத்தில நீங்கள் ரெண்டு பேரும்தான் எண்டு நினைச்சியளோ? கலியாணம் கட்டினவை, பேரப்பிள்ளை கண்டவை எல்லாம் வந்திருக்கினம். புண்ணோட வருவினம், ஏதாவது உள்ளுக்கை மாட்டுப்பட்டு வருவினம். கேட்டா, வழுக்கி விழுந்து போனன் எண்டுவினம். எல்லாரும் விழுந்தவைதான். ஒருத்தரும் உண்மை சொன்னதில்லை." பிறகு குரலைத் தணித்துக் கேட்டா. "முதல் இரத்தம் கண்டவுடனை ஏன் காட்டேல்லை? கட்டி கீழதான் இருந்திருக்கு. ஒரு விரலை விட்டுப் பாத்திருந்தா அண்டைக்கே தட்டுப்பட்டிருக்கும்."

ஒரு விரல். அவா டொக்டரின் விரலைத்தான் சொன்னா. நான் என் கையைப் பார்த்தேன். அவருடைய உடம்பை என் விரலுக்குத் தெரிந்த அளவு எந்த டொக்டருக்கும் தெரியாது. நாங்கள் பயந்து நிறுத்தாமல் இருந்திருந்தால், ஏதோ ஒரு வெள்ளிக்கிழமை மத்தியானம் முன்பு இல்லாத ஒன்று என் விரலில் தட்டியிருக்கும். இதென்ன என்று நான் கேட்டிருப்பேன். எது அவரைக் கொன்றது என்று நினைத்து அடுப்பில் வைத்தேனோ, அது அவரைக் காப்பாற்றியிருக்கலாம்.

வார்ட்டுக்குத் திரும்பி வந்து அவரிடம் குனிந்து, மிஸி சொன்னதில் பாதியை மட்டும் சொன்னேன். "அதால வந்ததில்லையாம். நாங்கள் செய்ததுக்கும் இதுக்கும் ஒரு சம்பந்தமும் இல்லையாம்."

அவர் முகட்டைப் பார்த்தார், முதல் தரம் என்னிடம் கேட்ட அன்றைக்குப் பார்த்த மாதிரியே. பிறகு என் கையை எடுத்துத் தன் நெஞ்சில் வைத்து விரல்களைத் தடவினார். நகமெல்லாம் வளர்ந்து, வயல் மண் ஏறிக் கறுத்துக் கிடந்தது.

"அப்ப ரெண்டு வருசம் என்னத்துக்குத் தள்ளிப் படுத்தனாங்கள்?"

மற்றப் பாதியை நான் அன்றைக்கும் சொல்லவில்லை, அதற்குப் பிறகு அவர் இருந்த பதினொரு நாளும் சொல்லவில்லை. பக்கத்துக் கட்டில்காரரிடம் பிளேட் வாங்கி, அவர் பார்த்துக்கொண்டிருக்க, பத்து நகத்தையும் வெட்டினேன். அவருக்குப் பேப்பரைத் தூக்கிப் பிடிக்கப் பலமில்லை. போர்வையை இழுத்து முகத்தை மூடிக்கொண்டார். போர்வை நடுங்கியது. இந்த முறை அவர் சிரிக்கவில்லை.