கங்காணியார் மூச்சடக்கி இருந்த படம்

கங்காணி வேலாயுதர் பொய் சொல்கிறார். கிராமச்சபைத் தேர்தலுக்கு நிற்கும் அவர், பருத்தித்துறை ஜெற்றியில் கூலிகள் தோளில் சால்வை போட அனுமதி கொடுத்தது தான்தான் என்று மேடை மேடையாகப் பேசித் திரிகிறார். முன்பு ஒரு பின்லாந்துக்காரன் எடுத்த படம் அதற்குச் சாட்சியாம். அந்தப் படத்தில் முதல் ஆளாக நடந்தவன் நான்.

ஜெற்றியில் பதினெட்டு வருஷம் மூட்டை சுமந்தேன். கப்பலிலிருந்து வத்தைப் படகில் வரும் அரிசி மூட்டையை முதுகில் ஏற்றிப் பலகை வழியே கரைக்கு வருவோம். பலகை முடியும் இடத்தில் வேலாயுதர் கதிரை போட்டு உட்கார்ந்திருப்பார். மூட்டை உராயாமலிருக்கத் தோளில் போட்ட சால்வையை, அவரைத் தாண்டும்போது ஒரு கையால் இழுத்துக் கமக்கட்டில் இடுக்க வேண்டும். அவருடைய சாதிக்கு நாங்கள் காட்ட வேண்டிய மரியாதை அது. அப்படி இழுக்கப்போய்த்தான் என் மைத்துனன் மூட்டையோடு கல்லில் விழுந்தான். பிறகு அவன் சுமை தூக்கவேயில்லை.

அந்த நாட்களில்தான் பின்லாந்துக்காரன் சினிமாக் கமராவோடு வந்தான். கப்பல்காரரிடம் பொறுக்கிய இங்கிலீசு எனக்குக் கொஞ்சம் இருந்தது. மொழிபெயர்க்க என்னை விட்டார்கள். சால்வை ஏன் இறங்குகிறது என்று கேட்டான். சொன்னேன். ரஷ்யச் சக்கரவர்த்தி தங்களை ஆண்டபோது தன் தகப்பனும் அதிகாரிகளுக்கு முன்னால் தொப்பியைக் கழற்றினவர்தான் என்றான். உங்களுக்கு வாக்குரிமை இருக்கிறதா என்று கேட்டான். இப்போதுதான் வந்தது என்றேன். பிறகேன் சால்வையை இறக்குகிறீர்கள் என்றான்.

படம் எடுக்கும் நாள் வேலாயுதர் கோட்டும் தலைப்பாகையுமாக வந்தார்.

"படம் எடுக்கேக்கை ஆடப்படாது. நான் ஸ்ரூடியோவிலை எடுத்தனான், எனக்குத் தெரியும். நீங்கள் சால்வையை இறக்கிக்கொண்டு வாங்கோடா."

கமரா சுற்றத் தொடங்கியதும் கைகளை முழங்காலில் வைத்து, மூச்சை அடக்கிச் சிலையானார்.

எனக்குப் பின்னால் மூட்டையோடு நின்ற செல்லன் அண்ணை மெல்லச் சொன்னார்: "தம்பி, உவர் கண்ணும் வெட்டேல்லை. வாய் திறந்தாப் படம் பழுதாப்போமெண்டு இருக்கிறார். நட."

நடந்தேன். சால்வை தோளிலேயே இருந்தது. பின்னால் மற்ற இருபத்திரண்டு பேரும் அப்படியே வந்தார்கள். வேலாயுதரின் முகம் கறுத்தது. கண் மட்டும் எங்களோடு நகர்ந்தது.

கமரா நின்றதும் துள்ளி எழும்பினார். "எளிய நாயள். திருப்பி எடுக்கச் சொல்லி துரையிட்டைச் சொல்லடா."

பின்லாந்துக்காரன் கையை விரித்தான். "நயினார், றீல் முடிஞ்சுபோச்சாம்" என்றேன். என் வாழ்நாளில் அவ்வளவு சந்தோஷமாக நான் மொழிபெயர்த்ததில்லை.

அடுத்த நாளும் ஒருவரும் சால்வையை இறக்கவில்லை. எல்லாரையும் வேலையை விட்டு நிறுத்துவேன் என்று கத்தினார். வெளியே கப்பல் நின்றது. வாடைக்காற்று தொடங்கிக் கடல் கொந்தளிக்கமுன் அரிசி இறங்க வேண்டும். யாரை நிறுத்துவார்?

மறு வருஷம் படம் யாழ்ப்பாணத்துப் படக்கொட்டகையில் ஓடியது. மைத்துனனை வண்டிலில் ஏற்றிக்கொண்டு போனோம். திரையில் அந்தச் சிலையைக் கடந்து நாங்கள் ஒருவர் பின் ஒருவராகப் போனோம். கொட்டகை கைதட்டியது. "இன்னொருக்கா ஓட்டச் சொல்லு மச்சான்" என்றான் மைத்துனன்.

இளம் தொழிலாளருக்கு ஒன்று சொல்கிறேன். நான் தனியாக நடந்திருந்தால் அடிதான் கிடைத்திருக்கும். எல்லாரும் நடந்தோம், வழக்கம் ஒழிந்தது. அதை யாரும் தரவில்லை.

வேலாயுதரே, அனுமதி கொடுத்தது எந்த நாள்? யாரிடம் சொன்னீர்? ஞாயிற்றுக்கிழமைக் கூட்டத்தில் எங்களில் உயிரோடு உள்ள எல்லாரும் முன்வரிசையில் இருப்போம். ஊர் கேட்க நீர் பதில் சொல்லும்.