அப்பாவைத் தரித்து வைத்த அறை

சோளகக் காற்று திடீரென்று விழுந்துவிடும் மத்தியானங்களில் எங்கள் எழுவைதீவில் செம்பைத் தொட்டாற்போல நாக்கு நுனியில் ஒரு கசப்பு ஏறும். கை மயிர் குத்திட்டு நிற்கும். மணல்வெளிக்கு மேலே, வெயிலுக்குள், நீலமாக ஒன்று நடுங்கிக்கொண்டிருப்பது தெரியும். அதைத்தான் நாங்கள் ‘தரிப்பு’ என்போம். மணலுக்குள்ளிருந்து எழும்பும் அந்தச் சக்தியைச் செப்புக் கம்பிச் சுருளில் பிடித்துவைத்து, வேண்டிய நேரம் ஓர் அறைக்குள் விட்டுக் கதவைச் சாத்தினால், கதவைத் திறக்கும்வரை உள்ளே நேரம் ஓடாது. சின்ன வயதில் இது எனக்கு ஓர் அதிசயமாகவே படவில்லை. மற்ற ஊர்களில் கரண்ட் இருந்தது, எங்களிடம் தரிப்பு இருந்தது, அவ்வளவுதான்.

வள்ளத்தை விட்டால் வேறு வழியில்லாத தீவு அது. கடல் கொந்தளித்தால் ஊர்காவற்றுறை ஆஸ்பத்திரிக்குப் போக ஏலாது. பிள்ளைப்பேறோ பாம்புக்கடியோ, ஆளை அறைக்குள் படுக்கவைத்துத் ‘தரிச்சு’ வைப்பார்கள். வள்ளம் வெளிக்கிடும் நேரம் பார்த்துத் திறப்பார்கள். உள்ளே கிடந்தவருக்குக் கண்ணை மூடித் திறந்ததுபோல இருக்கும். ஆனால் ஒருமுறை தரித்த ஆளை இரண்டாந்தரம் தரிக்காது.

எனக்கு ஏழு வயதாக இருக்கையில் அப்பாவுக்கு ஈரலில் வருத்தம் முற்றிவிட்டது. டொக்டர்மார் கையை விரித்து, வீட்டுக்குக் கொண்டுபோகச் சொல்லிவிட்டார்கள். அப்பா இளவயதில் கலியாணம் கட்டியவர்; தலையில் ஒரு நரை இல்லை. அவர் கேட்டது ஒன்றே ஒன்றுதான்.

“பெடியனை ஒருக்காப் பாத்திட்டனெண்டாப் போதும்.”

பெடியன் என்றது அண்ணையை. அவர் அப்போதுதான், மீசை அரும்பின கையோடு, பிரான்சுக்குப் போய்ச் சேர்ந்திருந்தார். அம்மா யோசிக்கவேயில்லை. அப்பாவின் தலைமாட்டில் ஒரு பேணி மல்லித்தண்ணியை வைத்தாள், கம்பிச் சுருளை அவிழ்த்துவிட்டாள், கதவைச் சாத்தினாள்.

பக்கத்து வீட்டுப் பூமணி அக்கா வந்து சத்தம் போட்டா. “உது வள்ளம் வருமட்டும் வைக்கிறதடி. மாசக்கணக்கில ஆரும் வைக்கிறதே?”

“என்ர வள்ளம் இன்னும் வரேல்லை அக்கா,” என்றாள் அம்மா.

மாதக்கணக்கு வருடக்கணக்காயிற்று. அண்ணைக்கு அங்கே அகதியாகத் தங்குகிற ‘காட்’ கிடைக்கவில்லை. வழக்குத் தள்ளுப்பட்டது, திரும்பப் போட்டார், அதுவும் தள்ளுப்பட்டது. வெளியே வந்தால் திரும்ப அங்கே போக முடியாது, இங்கே வந்தால் பிடித்து அடைப்பார்கள். நான் அந்தக் கதவுக்கு முன்னால் பாயைப் போட்டுப் படித்தேன், அங்கேயே நித்திரை கொண்டேன், அங்கேயேதான் பெரியபிள்ளையும் ஆனேன். பூட்டின் திறப்பு ஓட்டைக்குள்ளால் பார்த்தால் மல்லித்தண்ணியின் ஆவி எழும்பின இடத்திலேயே நிற்கும்; அப்பாவின் கை போர்வையை இழுக்கப்போய்ப் பாதியில் நிற்கும். பள்ளிக்கூடத்தில் “உன்ர கொப்பர் இருக்கிறாரோ, செத்திட்டாரோ?” என்று பகிடி பண்ணுவார்கள். இருக்கிறார் என்று கத்துவேன், பிறகு கிணற்றடியில் போய் அழுவேன். அம்மா பொட்டை அழிக்கவுமில்லை, அப்பாவோடு ஒரு கதை கதைக்கவுமில்லை. அண்ணையின் மேல் எனக்கு வந்த கோபம் கொஞ்சநஞ்சமல்ல.

அண்ணை படம் அனுப்புவார். முதலில் மீசை வந்தது, பிறகு வயிறு வண்டி வைத்தது, பிறகு முன்மண்டை வழுக்கை விழுந்தது. “ஐயோ, உவன்ர கோலத்தைப் பார்!” என்று அம்மா சொல்ல, நாங்கள் சிரித்தோம். ஒவ்வொரு படமாக அலுமாரிக்குள் வைத்தோம். அப்பாவை ஒரு நாள்கூட மூப்படைய விடாமல் பார்த்துக்கொண்ட எங்களுக்கு, இந்தப் படங்களில் ஒன்றையும் அவர் பார்க்கவில்லை என்பது ஒருபோதும் தோன்றவில்லை.

ஒருவழியாகக் ‘காட்’ கிடைத்து அண்ணை வந்து இறங்கியபோது எனக்கே இரண்டு பிள்ளைகள். அம்மா முதல்நாளே தலைக்கு மை பூசி, அந்த நாளையச் சேலையை எடுத்து உடுத்தியிருந்தாள். ஆனால் கதவைத் திறக்கிற நேரம் பின்வாங்கினாள். “நீங்கள் போங்கோ, நான் பிறகு வாறன்,” என்று குசினிக்குள் போய் நின்றுகொண்டாள்.

திறந்தோம். ஆவி மேலே போயிற்று. அப்பா போர்வையை இழுத்து மூடிக்கொண்டு, வாசலில் நின்ற நரைத்த மனிதரைப் பார்த்து, எழும்பப் பார்த்தார்.

“வாங்கோ அண்ணை. வள்ளத்திலயே வந்தனீங்கள்? என்ர பெடியனைக் கண்டனீங்களே?”

அண்ணை என்னைத் திரும்பிப் பார்த்தார். பிறகு கட்டிலருகே கதிரையை இழுத்துப் போட்டு இருந்து, அப்பாவின் கையைப் பிடித்தார்.

“ஓம் தம்பி, கண்டனான். அடுத்த வள்ளத்தில வாறான்.”

அப்பாவின் முகம் மலர்ந்தது. “அப்ப சரி. கொஞ்சம் பொறுத்திருக்கிறன்,” என்றார். பின்னேரம்வரை வாசலையே பார்த்துக்கொண்டு பொறுத்திருந்தார். அம்மா உள்ளே வந்தபோது அவர் கண்ணை மூடிவிட்டார்.

இப்போது எழுவைதீவில் கரண்ட் இருக்கிறது, தரிப்பு எழும்புவதேயில்லை. என் பிள்ளைகள் அந்த அறையில் சைக்கிள் விடுகிறார்கள். அம்மாவும் போய்விட்டாள். அப்பாவின் திவசத்தன்று அண்ணை பாரிசிலிருந்து போன் எடுத்து, ஒவ்வொரு முறையும் அதையே கேட்பார்: “தங்கச்சி, நான்தான் எண்டு சொல்லியிருக்க வேணுமோ?”

“அவர் சந்தோசமாத்தான் போனவர் அண்ணை,” என்பேன்.

“ஓம். ஆனா என்னைப் பாக்கேல்லை,” என்பார்.