சாவர்மல் வாபஸ் வாங்கிய விண்ணப்பம்

பதினொன்றேகால் மணிக்குச் செய்தி வந்தது. சீகரில் நான் வேலை பார்க்கும் கல்லூரியில் மாணவர்களுக்கு விடைத்தாள்களைத் திருப்பிக் கொடுத்துக்கொண்டிருந்தேன். ஜெய்ப்பூரிலிருந்து வக்கீல் மாத்தூரின் குமாஸ்தா பேசினார். உயர் நீதிமன்ற வராந்தாவில் வழக்கைக் கூப்பிடக் காத்திருந்த என் அக்காவின் கணவர் சாவர்மல், பெஞ்சில் உட்கார்ந்தபடியே சரிந்துவிட்டாராம். ஆஸ்பத்திரிக்குப் போகும் வழியிலேயே உயிர் போய்விட்டது. அன்று வழக்கைக் கூப்பிடவே இல்லை என்பதையும் குமாஸ்தா சொன்னார்.

நான் அவரை ஜீஜா என்றுதான் கூப்பிடுவேன். அவர் என்னை ஒருநாளும் பெயர் சொல்லி அழைத்ததில்லை. "என்ன புரொஃபசரே, நீங்க பாடம் நடத்துறீங்களா, இல்ல பிள்ளைங்க உங்களுக்கு நடத்துதுங்களா?" என்பார். எங்கள் பக்கம் மைத்துனனைக் கேலி செய்ய அக்கா கணவருக்கு முழு உரிமை உண்டு.

பயணிகள் ஜீப் ஓட்டியவர். குடிக்க மாட்டார். மழை பொய்த்து, ஜீப்பும் தேய்ந்துபோன ஒரு வருடம், எங்கள் வட்டாரத்து மதுக்கடை உரிமத்துக்கு மூடிய உறையில் விண்ணப்பம் போட்டார். வைப்புத்தொகை எட்டு லட்சம். ஜீப்பை விற்றார். கிணற்று வயலைச் சேட்டிடம் அடகு வைத்தார்.

உறைகளைப் பிரிப்பதற்கு முந்தின நாள் ரிச்பால் என்பவர் ஜீஜாவைத் தேடி வீட்டுக்கு வந்தார். ஊருக்கே பெரியவர், எல்லோரும் தாவூ என்பார்கள். அவருடைய தம்பி மகனும் அதே கடைக்கு விண்ணப்பித்திருந்தான். அக்கா கொடுத்தனுப்பிய தேநீரை அவர் தொடவில்லை. தலைப்பாகையைக் கழற்றி ஜீஜாவின் காலடியில் வைத்தார்.

"சாவர், பையனோட வாழ்க்கைடா. நீ ஒதுங்கிக்கோ."

"ஐயோ தாவூ, என்ன காரியம் இது? டெபாசிட் கட்டிட்டேனே."

"வாபஸ் வாங்குனா கலால்காரன் திருப்பித் தரப்போறான். தரலேன்னா நான் இல்லையா?"

காலடிக்கு வந்த தலைப்பாகையைத் தரையில் கிடக்க விட்டவன் வீட்டில் எங்கள் பக்கம் யாரும் சம்பந்தம் செய்ய மாட்டார்கள். ஜீஜா குனிந்து எடுத்து அவர் தலையில் வைத்தார். அப்படி வைத்தால் சம்மதம்.

கலால் அலுவலகத்தில் காரணம் எழுதச் சொன்னார்கள். 'சொந்த விருப்பத்தின் பேரில்' என்று எழுதினார். வேறென்ன எழுதுவார்? கடை தம்பி மகனுக்குப் போனது. தானாக விலகியவரின் வைப்புத்தொகை அரசையே சேரும் என்று கடிதம் வந்தது. தாவூவிடம் போனோம். "கேஸ் போடு, ஜெயிச்சுடுவே" என்றார். அதற்குப் பிறகு ஜீஜாவைக் கண்டால் வேறு தெருவில் போக ஆரம்பித்தார்.

உறையைப் பிரிக்கும் முன்பே விலகியவரோடு ஒப்பந்தம் ஏது என்று மாத்தூர் வாதாடினார். முதல் நீதிபதி ஏற்கவில்லை. விதிகளைப் படித்துத்தானே கையெழுத்திட்டார் என்றார். வருடங்கள் கழித்து மேல்முறையீட்டில்தான் ஒரு நீதிபதி கேட்டார்: யாராவது வற்புறுத்தினார்களா? அப்படியானால் பெயரோடு பிரமாணப் பத்திரம் தாக்கல் செய்யுங்கள், யோசிக்கலாம்.

வெளியே வந்ததும் மாத்தூர் கெஞ்சினார். "ஒரே ஒரு பேரு, சாவர்மல்ஜி."

"யாரும் வற்புறுத்தல வக்கீல் சாப். கழுத்துல கத்தியா வச்சாங்க?"

ஊர் திரும்பும் பேருந்தில் நான் சண்டை பிடித்தேன். "தீர்ப்பு வரைக்கும்தான் பொறுப்பேன்னு சேட் சொல்லியாச்சு. வயல் போயிடும் ஜீஜா. அந்த ஆளுக்கு மானம், உங்களுக்கு மண்ணா?"

"எடுத்து வச்சது என் கைதானே, புரொஃபசரே? அத எப்படி வற்புறுத்தல்னு சொல்ல?" என்றவர் வறுகடலைப் பொட்டலத்தை நீட்டினார். "இந்தாங்க. கத்துனா பசிக்கும்."

கடைசி மூன்று வருடம் அந்தத் தம்பி மகனின் கடைக்கே சரக்குப் பெட்டி ஏற்றும் வண்டியை ஓட்டினார். வேறு வண்டி கிடைக்கவில்லை.

துக்கம் கேட்க தாவூ வந்தார். ஆண்களோடு விரிப்பில் உட்கார்ந்து, "தங்கமான மனுஷன்" என்றார். அந்த ஊருக்கு மருமகளாக வந்த நாளிலிருந்து அவர் எதிரில் வாய் திறக்காத என் அக்கா கிஸ்தூரி, கதவுக்குப் பின்னால் முக்காட்டுக்குள்ளிருந்து பேசினாள்.

"தாவூஜி, நீங்க கேட்டுத்தான் அவரு விலகுனாருன்னு கோர்ட்டுல ஒரு வார்த்த சொல்லுங்க."

"கேட்டேன்தான். முடியாதுன்னு சொல்லியிருக்கலாமேம்மா."

விரிப்பில் இருந்த ஒருவர் கம்பு விலையைப் பற்றிப் பேச ஆரம்பித்தார்.

இறந்தவரின் இடத்தில் மனைவியைச் சேர்க்கும் மனுவை மாத்தூர் அனுப்பியிருந்தார். கெடுவுக்குள் அதைத் தாக்கல் செய்யாவிட்டால் வழக்கே முடிந்துவிடும். கூடவே அக்காவின் பெயரில் ஒரு பிரமாணப் பத்திரம், தாவூ ரிச்பாலின் பெயரோடு. இரண்டையும் அவளுக்குப் படித்துக் காட்டினேன்.

"அந்தப் பேர எடுத்துடு."

"எடுத்தா கேஸ் நிக்காதுக்கா."

"தெரியும். கட்டுன மனுஷனே வாய் திறக்கல. நான் சொன்னா அவரு கைப்பட எழுதிக் கொடுத்தது பொய்யின்னு ஆயிடும்."

"அப்ப வயல்?"

அவள் எருமைக்குத் தண்ணீர் காட்டப் போய்விட்டாள். ஒவ்வொரு சனிக்கிழமையும் போய்க் கையெழுத்துக் கேட்டேன். பிறகு பார்க்கலாம் என்றாள்.

மனு தாக்கல் செய்வதற்கான கெடு நேற்று முடிந்தது. அதன் கடைசிப் பக்கத்தில், கிஸ்தூரி தேவி என்று தட்டச்சு செய்த இடத்துக்கு மேலே, கையெழுத்து இல்லை.