குரலுக்கு மட்டும் வேறு ஆள்

இப்போது நினைத்தாலும் எனக்குப் பற்றிக்கொண்டு வருகிறது. ஒஸ்லோவில் ஒரு நாடக அரங்கில் வேலை செய்கிறேன். நடிகர்கள் வசனத்தை மறந்தால் மேடையோரமிருந்து மெதுவாக எடுத்துக் கொடுப்பவள் நான். அந்த வருடம் எங்கள் நாடகத்தில் தாயாக நடிக்க வந்தவர் மெக்சிக்கோ நாட்டு நடிகை. நோர்வேஜியக் கணவரோடு நகரின் ஹவுகெட்டோ பகுதியில் குடியிருந்தார்.

சும்மா ஆளில்லை. சந்தைவெளியில் கூடாரம் அடித்து ஆடும் குழுவில் பள்ளிக்கூட வயதிலேயே சேர்ந்தவர். படங்களில் முதலில் வேலைக்காரி, பிறகு கதாநாயகி, வயது ஏற ஏற மாமியார். ஆனாலும் மேடைதான் தன் வீடு என்பார். அவர்களது ஊரில் ஒரு நாடகம் நூறு தடவை ஓடினால் அரங்கின் சுவரில் நடிகர்களின் பெயர் பொறித்த தகடு பதிப்பார்களாம். அப்படி இவருடைய பெயர் எத்தனையோ சுவர்களில் இருக்கிறது. ஒஸ்லோவில் என்ன கொடுத்தார்கள்? துடைப்பத்தோடு மேடையின் குறுக்கே போகும் துப்புரவுக்காரி. அதுவும் இரண்டு நாடகங்களில்! வாய் திறந்து பேசும் வேடம் இதுதான் முதல்.

மகனைப் பறிகொடுத்த தாய் நீதிமன்றத்தில் பேசும் பேச்சு. நாடகத்தின் உயிரே அங்கேதான். குளிர்காலம் முழுக்க நானும் அவரும் அவரது வீட்டுக் குசினியில் உட்கார்ந்து பயிற்சி செய்தோம். தொடங்குமுன் ஒவ்வொரு முறையும், "மூன்றாவது அழைப்பு, தொடங்குகிறோம்" என்று தனக்குத்தானே அறிவிப்பார். அங்கே அரங்குகளில் அப்படித்தான் சொல்வார்களாம். நோர்வேஜிய உயிரெழுத்துகள் அவரைப் படாத பாடு படுத்தின. கடைசியில் ஒரு சொல்கூடப் பிசகவில்லை. உச்சரிப்பில் அவருடைய ஊர் இருந்தது, இருக்கட்டுமே. கதையில் அந்தத் தாயும் வெளிநாட்டிலிருந்து வந்தவள்தானே.

முதற்காட்சிக்கு ஒரு கிழமை இருக்க, இயக்குநர் என்னை ஒதுக்கமாகக் கூப்பிட்டார். அந்தப் பேச்சை ஒரு நோர்வேஜிய நடிகையின் குரலில் பதிவு செய்தாகிவிட்டதாம். இவர் நின்று அழுதால் போதுமாம். இவருடைய உச்சரிப்பைக் கேட்டுச் சனம் களைத்துவிடுமாம். அதை நான்தான் இவரிடம் பக்குவமாகச் சொல்லவேண்டுமாம், எங்களுக்குள்ளே நாங்கள் விளங்கிக்கொள்வோமாம். என்ன எங்களுக்குள்ளே? நான் இதே ஒஸ்லோவின் ஸ்டோவ்னரில் பிறந்து வளர்ந்த தமிழ்ப் பெண். தலைமயிரின் கறுப்பைத் தவிர எனக்கும் மெக்சிக்கோவுக்கும் என்ன சொந்தம்? முடியாது என்றேன். வீட்டுக்குப் போய் அம்மாவிடம் கொட்டித் தீர்த்தால், அவர் தன் பங்குக்கு, "உனக்கேன் பிள்ளை இந்த வில்லங்கம்? வாயை வைச்சுக்கொண்டு சும்மா இரு" என்றார்.

மறுநாள் அந்த ஆளே எல்லோர் முன்னிலையிலும் விஷயத்தைச் சொன்னார். நடிகை சத்தம் போடவில்லை. அவர் கேட்ட நோர்வேஜியத்தை என் தமிழில் சொல்வதென்றால் இப்படி:

"உங்களுக்கு எந்தச் சொல்லு விளங்கேல்லை? அதை மட்டும் சொல்லுங்கோ."

இயக்குநர் கையிலிருந்த பிரதியைப் புரட்டிப் புரட்டிப் பார்த்தார். எல்லாம் விளங்கித்தான் இருந்தது. ஆடத் தெரியாதவள் கூடம் கோணல் என்றாளாம் என்பார்கள். இங்கே ஆடத் தெரிந்தவளின் காலையல்லவா கட்டிப்போட்டார்கள்! அப்படியும் பதிவை மாற்றவில்லை. விட்டுவிட்டுப் போங்கள் என்று நான் அவரிடம் கெஞ்சினேன். தான் போனால் அவர்களுக்குத்தான் சுகம் என்று மறுத்துவிட்டார்.

முதற்காட்சிக்கு அரங்கு நிறைந்திருந்தது. நீதிமன்றக் காட்சியில் ஒலிபெருக்கியிலிருந்து அந்த இளங்குரல் தொடங்கியது, மாசுமறுவற்ற நோர்வேஜியத்தில். நடிகை மெல்லத் திரும்பினார். சனத்துக்கு முதுகைக் காட்டிக்கொண்டு, பேச்சு முடியும்வரை அசையாமல் நின்றார். அழுகிறாரா, இல்லையா என்று எவருக்கும் தெரியவில்லை. மேடையோரத்தில் இருந்த எனக்கு மட்டும் பக்கவாட்டில் முகம் தெரிந்தது. உதட்டை இறுக மூடியிருந்தார். ஒரு சொட்டுக் கண்ணீர் இல்லை.

திரை விழுந்ததும் இயக்குநர் பாய்ந்து வந்தார். முழு நாடகமும் அந்த முகத்தில்தான் தங்கியிருந்தது, அதை ஏன் மறைத்தாய் என்று கத்தினார். நடிகை வேடத்துக்காகத் தலையில் கட்டியிருந்த துணியை ஆற அமர அவிழ்த்து, மடித்து, அந்த ஆளின் கையில் வைத்தார்.

"குரலை வேறை ஆளிட்டைத்தானே எடுத்தனீங்கள். முகத்தையும் அவவிட்டையே எடுங்கோ."