மகாதேவி ரீச்சரும் ஒரு நண்டுக்கறியும்

பொலிஸ்காரரின் சாட்சியத்தை மகாதேவி ரீச்சர் மூக்கால் பேசுகிற குரலில் வாசித்துக்கொண்டிருந்தார். வைத்தியர் என்றால் இருமல் கலந்த குரல். அயல்வீட்டுக்காரி என்றால் இரகசியக் குரல். ஆளின் குரலில் வாசித்துப் பார்க்காமல் ஒரு வரியையும் ஆங்கிலத்தில் எழுதமாட்டார். "ஆள் கதைக்கிறமாதிரி காதிலை விழவேணும். இல்லாட்டி நான் என்னத்தை எழுதிறது?"

யாழ்ப்பாணம் நீதிமன்றத்துக்குக் கிட்ட ஒரு ஒழுங்கையில், 'சத்தியப்பிரமாண மொழிபெயர்ப்பாளர்' என்ற பலகையின் கீழ் அவருடைய ஒற்றை அறை. ஊர் அளவெட்டி, ஆங்கிலம் படிப்பித்து ஓய்வுபெற்றவர். கனடாவுக்குப் போகிற பிறப்புச் சான்றிதழ்கள் அவருக்குச் சில்லறை வேலை. என்னுடையது மூன்று நாளாக மேசையில் கிடந்தது. "நீங்கள் பிறந்தது பிறந்ததுதானே. எங்கை ஓடப்போகுது" என்றார். மேன்முறையீட்டுக்காகக் கொழும்புக்கு ஆங்கிலத்தில் போகும் வழக்கேடுகள்தான் அவருக்கு உயிர்.

வழக்குக்காரரிடமோ சாட்சிகளிடமோ தேத்தண்ணிகூட வாங்கிக் குடிக்கமாட்டார். யாராவது வாழைப்பழச் சீப்போடு வந்தால், பழத்தைத் திருப்பிக் கொடுத்து, பை நல்ல வடிவு என்று பாராட்டி அனுப்பிவைப்பார்.

அப்போது அவர் கையில் இருந்தது தொண்டைமானாற்று நிரோஜாவின் கொலை வழக்கு. சீதன வீட்டை விற்றுத் தரச்சொல்லி அடித்தே கொன்றான் என்று கணவன் சுபாஸ்கரனுக்கு மேல்நீதிமன்றம் தண்டனை விதித்திருந்தது. அவன் மேன்முறையீடு செய்திருந்தான். அவன் தரப்பின் பெரிய வாதம் ஒரு நண்டுக்கறி. சாவுக்கு இரண்டு நாள் முன்புகூட மாமியார் அவனுக்கு விருந்து சமைத்திருக்கிறார். கொடுமைக்காரனுக்கு யாராவது விருந்து வைப்பார்களா?

வைப்பார்கள். எங்கள் பக்கத்தில் மருமகன் கழுத்தை நெரிக்க வந்தாலும், இலை போட்டுவிட்டுத்தான் என்ன விஷயம் என்று கேட்பார்கள். இந்தப் பழக்கத்தில் எனக்கு வெகுநாளாகக் கோபம்.

நிரோஜாவின் தாய் குணலட்சுமி வெள்ளிதோறும் சன்னிதி முருகனிடம் போய்விட்டு, நெற்றி நிறையத் திருநீறோடு ரீச்சரின் வாசலில் வந்து நிற்பார். "நான் வச்ச கறிதான் உவனை வெளியிலை விடப்போகுது, ரீச்சர். ஏன் சமைச்சனீங்கள் எண்டு கோட்டிலை கேட்டவை. நான் மறுமொழி சொன்னனான்."

ரீச்சர் ஏட்டைப் புரட்டினார். கேள்வி இருந்தது. மறுமொழி இல்லை, அடுத்த பக்கம் வேறொரு கேள்வியில் தொடங்கியது. அவரிடம் இருந்தது மூல ஏட்டின் பிரதி; பிரதியெடுத்தவர் ஒட்டிக்கிடந்த இரண்டு தாள்களை ஒன்றாகப் புரட்டியிருக்கவேண்டும். பக்க இலக்கம் பிறகு போட்டதால் குறை ஒருவருக்கும் தெரியவில்லை.

"நான் சொந்தமாய் ஒரு எழுத்தும் சேர்க்கேலாது அக்கா. எழுதிக் கிடக்கிறதைத் தேடலாம்" என்று குடையை எடுத்துக்கொண்டு நீதிமன்றப் பதிவாளரிடம் போனார். ஒரு நாளல்ல, நாலு நாள் போனார். ஐந்தாம் நாள் மூல ஏட்டைத் திறந்து காட்டினார்கள். பக்கம் அதில் பத்திரமாக இருந்தது. அதன் அத்தாட்சிப்படுத்திய பிரதியோடு அறைக்குத் திரும்பினார்.

அதை அவர் வாசித்தபோது நான் எதிரே இருந்தேன். குணலட்சுமியின் குரலிலேயே வாசித்தார்: "கறி வைக்காட்டி என்ரை பிள்ளைக்கு அடி விழும். அதுக்குத்தான் வச்சனான்." ரீச்சர் மூக்குக்கண்ணாடியைத் துடைத்துவிட்டு, இரண்டாந்தரம் வாசித்து, எழுதத் தொடங்கினார்.

பதினொரு மாதம் கழித்து மேன்முறையீடு தள்ளுபடியானது. தீர்ப்பில் நண்டுக்கறிக்கு ஒரு முழுப் பந்தி இருந்ததாம். என் விசா அதற்குள் இரண்டுதரம் மறுக்கப்பட்டிருந்தபடியால், நான் மறுபடியும் அதே கதிரையில் இருந்தேன். குணலட்சுமி வந்தார். அன்று புதன்கிழமை, நெற்றியில் திருநீறு இல்லை, கையில் அடுக்குச்சட்டி இருந்தது.

"அவள் போனாப்பிறகு நண்டைத் தொடேல்லை, ரீச்சர். இண்டைக்குத்தான் வச்சனான். நீங்கள் வாங்கமாட்டியள் எண்டு தெரியும். காட்டிப்போட்டுப் போவம் எண்டு வந்தனான்."

"வழக்கு முடிஞ்சுது. இனி நீங்கள் சாட்சியில்லை, அக்கா. இருங்கோ."

ரீச்சர் மேசையில் கிடந்த கோப்புகளையெல்லாம் அள்ளி என் மடியில் வைத்தார். அடுக்குச்சட்டியைத் திறந்து, ஆகப் பெரிய நண்டுக்காலாகப் பார்த்து எடுத்து, பல்லால் கடித்து உடைத்தார். உள்ளிருந்த சதையை முழுசாக உருவி, குணலட்சுமியின் உள்ளங்கையில் வைத்தார்.