கலாவின் குரல் இல்லாத கேசட்

ஈரப் பாவாடை கணுக்காலில் ஒட்ட, மஞ்சள் தண்ணீரும் வேப்பிலையும் மணக்க, காரமடைச் சாலையில் தனியாக நடந்துகொண்டிருந்தேன். கலாவின் ஊர் பின்னால் போய்விட்டது. மேளம் மட்டும் விடாமல் கேட்டது. அது தொண்ணூறுகளின் நடுப்பகுதி. திருவிழாவை எங்கள் பக்கம் 'நோம்பி' என்போம்; நோம்பி மேடைகளில் கலா, மேரி, நான் என்று மூன்று பெண்கள் சேர்ந்து பாடுவோம். பதினாறு வயது இருக்கும். மூன்று வீட்டிலும் காட்டு வேலைதான், விவசாயக் கூலி. நான் ஆறாவதோடு பள்ளியை விட்டவள், ஓரிடத்தில் தங்காதவள்.

அன்று மதியம் கோயம்புத்தூரில் எங்கள் முதல் கேசட்டுக்கு ஒலிப்பதிவு தொடங்க வேண்டும். இரண்டு நாள் வேலை. கலாவை அழைத்துப் போகத்தான் போயிருந்தேன். காலையில்தான் அவள் ஊர் மாரியம்மன் கோயில் முன் 'கம்பம்' நட்டிருந்தார்கள். மூன்று கிளை பிரிந்த மரம் அது. அம்மனுக்குப் புருசன் என்பார்கள். பெண்கள் குடம் குடமாகத் தண்ணீர் ஊற்ற, பழக்கத்தில் கலாவும் ஊற்றிவிட்டாள். சும்மா இருக்காமல் நானும் ஒரு குடம் ஊற்றினேன். ஊற்றியவர்கள், நோம்பி முடிந்து கம்பம் பிடுங்கும்வரை வெளியூரில் இரவு தங்கக் கூடாது.

"ஏங்கண்ணு, கம்பத்துக்குத் தண்ணி ஊத்திப்போட்டு எல்லை தாண்டி ராத்தங்குனா ஊருக்கே ஆகாது. நீயும் இங்கயே இரு, சோறாக்கிப் போடறேன்" என்றார் கலாவின் அம்மா.

"நீ போ புள்ள. அம்மன் கேட்டா, அசலூர்க்காரி, தெரியாம ஊத்திப்போட்டான்னு நான் சொல்லிக்கறேன்" என்றாள் கலா, சிரித்துக்கொண்டே. ஆனால் என்னை வழியனுப்ப வாசல்வரைகூட வரவில்லை.

ஸ்டுடியோவில் மேரி காத்திருந்தாள். "அட்டைல மூணு பேரு மூஞ்சியும் அச்சாயிருச்சு. ரெண்டு பேரே பாடுங்க, பாத்துக்கலாம்" என்றார் எங்கள் குழுவை நடத்திய மாஸ்டர். முதல்முறையாகக் காதில் ஹெட்போன் மாட்டினார்கள். மேடையில் எப்போதும் கலாவை ஒட்டி நின்று, அவள் குரலைப் பிடித்துக்கொண்டுதான் நான் பாடியிருக்கிறேன் என்பது, என் குரலைத் தனியாகக் கேட்டபோதுதான் தெரிந்தது. சுருதி நிற்கவே இல்லை.

"அம்மணி, நீ கொஞ்சம் வெளிய உக்காரு" என்றார் மாஸ்டர். திட்டவில்லை. மூன்று பேருடைய வரிகளையும் மேரியே தனித்தனியாகப் பாடினாள், சேர்த்துக்கொண்டார்கள்.

கேசட் தேர்த் திருவிழாக் கடைகளில் விற்றது. அட்டையில் மூவரும் சிரிக்கிறோம், உள்ளே ஒருத்தி. பிறகு நாங்கள் சேர்ந்து மேடை ஏறவில்லை. இன்று நோம்பிப் பாட்டெல்லாம் செல்போனிலிருந்து வருகிறது. கேசட் கடை ஒன்றுகூட இல்லை. பாடகியாக இருந்த கதையை எழுதச் சொல்கிறார்கள், அது இவ்வளவுதான்.

ஸ்டுடியோவில் வெளியே உட்கார்ந்த மறுநாள் காலை, சிங்காநல்லூரில் ஒரு நூல் மில்லில் நூலைக் கோனில் சுற்றும் வேலைக்குச் சேர்ந்தேன். அந்த இரைச்சலில் பக்கத்தில் நிற்பவள் கத்தினாலும் கேட்காது. கலாவின் வரிகளையும் சேர்த்து, வாய்விட்டுப் பாடினேன்.